ஓசையம்மாவின் கிராண்ட் பிரீ

திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு, வானொலி நிலையத்து ஓசையம்மாவின் மேசைக்கு இரண்டு தாள்கள் ஒருங்கே வந்து சேர்ந்தன. முதல் தாள், நாடகங்களுக்கு ஓசை எழுப்புபவராக அவர் இருபத்திரண்டு ஆண்டுகளாகப் பணியாற்றி வந்த ஓசை அறையை வெள்ளிக்கிழமை மாலைக்குள் காலி செய்து சாவியை ஒப்படைக்க வேண்டும் என்னும் ஆணை. இரண்டாவது தாளில் மூன்றே வரிகள் இருந்தன. முதல் வரியில் அவருடைய பெயர், இரண்டாம் வரியில் "பதினேழாம் வளைவு", மூன்றாம் வரியில் "கிராண்ட் பிரீ. வாழ்த்துகள். விவரம் பின்னர்."

முதல் தாளைப் படித்தபோது அவருக்குக் கண்ணீர் வந்தது. இரண்டாவது தாளைப் படித்தபோதும் வந்தது. எந்தக் கண்ணீர் எதற்கு உரியது என்று பிரித்தறிய இயலாதவராய்க் கைக்குட்டையால் இரண்டையும் ஒருசேரத் துடைத்துக்கொண்டார்.

"பதினேழாம் வளைவு" என்பது ஒரு வானொலி நாடகம். கார்ப் பந்தய வீரன் ஒருவன் பதினேழாம் வளைவில் வண்டியைத் திருப்பும் நேரத்திற்குள் தன் வாழ்க்கை முழுவதையும், கடந்து வந்த பதினாறு வளைவுகளையும் நினைத்துப் பார்ப்பதாகக் கதை. அதில் பேச்சு பத்து நிமிடம். ஓசை நாற்பது நிமிடம். அவ்வோசை முழுவதையும் ஓசையம்மா ஒருவரே இரண்டு கைகளாலும் இரண்டு கால்களாலும் ஒரு தொண்டையாலும் உண்டாக்கியிருந்தார். பந்தயக் காரின் எஞ்சினாக ஒலித்தது, கவிழ்த்த பித்தளைத் தட்டின்மேல் ஓடவிட்ட ஒரு பழைய மிக்ஸி. டயர் கீச்சிட்டது, ஈரக் கண்ணாடியின்மேல் இழுத்த வெந்நீர்ப் பை. கியர் மாறியது, துருப்பிடித்த அலமாரியின் தாழ்ப்பாள். முன்பிருந்த மேலாளர் அந்நாடகத்தை அயல்நாட்டு வானொலி நாடக விழா ஒன்றுக்கு அனுப்பிவிட்டு ஓய்வு பெற்றுப் போனார். அவ்விழாவின் தலைமைப் பரிசுக்கு இட்ட பெயரே கிராண்ட் பிரீ.

பிரெஞ்சு மொழியில் அத்தொடர் பெரும்பரிசு என்று பொருள்படும். ஓவியருக்கும் அதனைத் தருவர். திரைப்படம் எடுப்போருக்கும் தருவர். பாட்டுக்கும் நாடகத்துக்கும் தருவர். ஆயினும், தொலைக்காட்சி பார்க்கும் உலகம் அத்தொடரைக் கார்களின் பெயருக்கே பட்டா எழுதிக் கொடுத்துவிட்டது. ஓசையம்மாவுக்கு நேர்ந்த தொல்லைகள் யாவும் அந்தப் பட்டாவிலிருந்தே தொடங்கின.

புதிய மேலாளர் வந்து மூன்று மாதங்களே ஆகியிருந்தன. டயர் நிறுவனம் ஒன்றின் விற்பனைப் பிரிவில் பல்லாண்டுகள் இருந்துவிட்டு வந்தவர். நல்லவர், சுறுசுறுப்பானவர். அவரிடம் இருந்த குறை ஒன்றே. எதிரே நிற்பவர் எழுவாயைச் சொன்ன மாத்திரத்தில் பயனிலையைத் தாமே சொல்லி வாக்கியத்தை முடித்துவிடுவார். அவர் சொல்லும் பயனிலையோ பெரும்பாலும் வேறொரு வாக்கியத்துக்கு உரியதாக இருக்கும். கணினியில் நாற்பதாயிரம் ஓசைகள் ஆயத்தமாக இருக்கையில் ஓர் அறை நிறையக் கிழிந்த செருப்பும் உடைந்த குடையும் எதற்கு என்று கருதியே அவர் அந்த ஆணையைப் பிறப்பித்திருந்தார்.

பரிசைச் சொல்லி அறையைக் காப்பாற்றிக்கொள்ளலாம் என்னும் நம்பிக்கையோடு ஓசையம்மா அவருடைய அறைக்குச் சென்றார். மூன்று வரித் தாளின் நகல் மேலாளர் மேசையில் முன்னதாகவே இருந்தது.

"வாங்க வாங்க, சாம்பியன்!" என்று மேலாளர் எழுந்து நின்றார்.

"சார், அந்த ரூம் விஷயமா..."

"ரூமை விடுங்க மேடம்! இப்படி ஒரு ஆளை ரூமுக்குள்ள போட்டு அடைச்சு வச்சிருந்தோமேன்னு எனக்கே வெக்கமா இருக்கு."

ஓசையம்மாவுக்கு மனம் குளிர்ந்தது. "ரொம்ப நன்றி சார். அந்தப் பரிசு வந்து, நான் சத்தம்..."

"சத்தம் போடாம ஜெயிச்சிட்டு வந்துட்டீங்க! அதைத்தான் நானும் சொல்றேன். வேற யாராவதா இருந்தா இந்நேரம் ஊரைக் கூட்டியிருப்பாங்க. பதினேழாவது வளைவு! டிவியில பார்த்திருக்கேன், எவ்வளவு பெரிய ஆளெல்லாம் அந்த மாதிரி வளைவுல கவுந்திருக்கான். நீங்க எந்த கியர்ல எடுத்தீங்க?"

கேட்ட கேள்விக்கு உண்மையான விடை கூறுவது ஓசையம்மாவின் இயல்பு. "தாழ்ப்பாள்ல சார்" என்றார்.

"தாழ்வான கியரா! அதானே ரகசியம்!"

"ஐயோ, இல்ல சார். எனக்குக் காரே..."

"காரே உயிரு. முகத்தைப் பார்த்தாலே தெரியுது."

"சார், என்கிட்ட லைசென்ஸ்கூட..."

"இன்டர்நேஷனல் லைசென்ஸ். பின்ன, உள்ளூர் லைசென்ஸை வச்சுக்கிட்டு அங்க உள்ள விடுவானா? போங்க மேடம், போய் ரெஸ்ட் எடுங்க. உங்களுக்கு என்ன செய்யணுமோ அதை நான் செய்யுறேன்."

அவர் செய்தது பிற்பகல் மூன்று மணிக்கு வெளிவந்தது. வாயிலில் இருந்த அறிவிப்புப் பலகையில், அனைத்துலகக் கார்ப் பந்தயத்தில் பெரும்பரிசு வென்ற நிலையத்து வீராங்கனைக்கு வாழ்த்து ஒட்டப்பட்டது. அதன் அருகிலேயே ஓர் ஆணையும் ஒட்டப்பட்டது. ஓசையம்மா அவர்கள் தம் திறமைக்கு ஏற்ற வகையில், வியாழக்கிழமை முதல், வாகனப் பிரிவில் ஒலிப்பதிவு வேனின் ஓட்டுநராக மாற்றப்படுகிறார். இப்போதுள்ள ஓட்டுநர் வாயிற்காவலுக்குச் செல்வார். நகல் தலைமை அலுவலகத்துக்கு.

ஓசையம்மா பலகையின் அருகே சென்று அதனை மீண்டும் ஒரு முறை படித்தார். கார் ஓட்டுவது இருக்கட்டும். அவர் மிதிவண்டியும் ஓட்டி அறியாதவர்.

அன்று மாலை வீட்டில், மருந்துக்கடை வைத்திருந்த அவருடைய கணவர் ஆணையின் நகலை மூன்று முறை படித்தார். எந்த மருத்துவரின் கிறுக்கலையும் ஒரே பார்வையில் படித்துவிடுபவர், தட்டச்சில் இருந்த இதனைப் படித்துப் பொருள் கொள்ள இயலாமல் திணறினார். கூடத்தில் பட்டாணி உரித்துக்கொண்டிருந்த மாமியார் தொலைக்காட்சியின் ஒலியைக் குறைத்தார்.

"என்னடா அது?"

"உன் மருமகளுக்கு கிராண்ட் பிரீ குடுத்திருக்காங்கம்மா."

"பிரீன்னா சும்மாதானே? சும்மா குடுத்ததுக்கா மூஞ்சியைத் தூக்கி வச்சுக்கிட்டு உட்கார்ந்திருக்கா?"

"அத்தை, அது அந்த பிரீ இல்ல. பெரிய பரிசுன்னு அர்த்தம்."

"அந்த சோப்புக் கடைக்காரனும் அப்படித்தான் சொன்னான். ரெண்டு சோப்பு வாங்கினா ஒரு டப்பா பிரீன்னான். மூடியே சேரல."

"அம்மா, சும்மா இரும்மா."

"சும்மாதான்டா இருக்கேன். நானும் பிரீதான்."

கணவர் மனைவியின் பக்கம் திரும்பிக் குரலைத் தாழ்த்திக்கொண்டார். "ஏம்மா, வியாழக்கிழமைக்கு இன்னும் ரெண்டு நாள் இருக்கே. அதுக்குள்ள ஓட்டக் கத்துக்க முடியாதா?"

"ஏங்க, இருபத்திரண்டு வருஷமா கார் சத்தம் போடுறேன். ஒரு நாளாவது கார்ல முன் சீட்டுல உட்கார்ந்து பார்த்திருக்கீங்களா என்னை?"

"இல்லியே. ஏன்?"

"வாந்தி வரும்."

கணவர் சிரிப்பை அடக்க முயன்று தோற்றார். அவர் சிரிப்பதைக் கண்டு ஓசையம்மாவுக்கும் சிரிப்பு வந்தது. வந்த சிரிப்பு பாதியிலேயே நின்றும் போயிற்று.

"சிரிக்காதீங்க. அந்த ரூம்ல ஏழு ஜோடி செருப்பு இருக்கு. ஏழும் ஏழு மனுஷங்க. கடன்காரன் வந்தா ஒண்ணு, கல்யாணப் பொண்ணு வந்தா ஒண்ணு. கம்ப்யூட்டர்ல ஒருத்தன்தான் நடக்கிறான். எல்லாருக்கும் அவனேதான் நடக்கிறான். இத்தனை வருஷத்துல முதல் தடவையா யாரோ முகம் தெரியாத நாலு பேர் காது குடுத்துக் கேட்டுட்டு, இது நல்லா இருக்குன்னு சொல்லியிருக்காங்க. அதை ஒரு தடவைகூடக் கேட்காமலே என்னைத் தூக்கி வெளிய போடுறாரு. அதுவும் பாராட்டி."

மாமியார் தொலைக்காட்சியை முற்றிலும் நிறுத்தினார். "அந்த ஆளுக்கு வாய் எத்தனை, காது எத்தனை?" என்று கேட்டார். மகனும் மருமகளும் திரும்பிப் பார்க்கவே, "நான் பார்க்கலையே, அதான் கேட்டேன்" என்று மீண்டும் பட்டாணியைக் கையில் எடுத்தார்.

செவ்வாயும் புதனும், மேலாளரைச் சந்தித்து ஒரு வாக்கியத்தையேனும் முழுமையாகச் சொல்லிவிட ஓசையம்மா ஐந்து முறை முயன்றார். ஐந்து முறையும் பயனிலை அவருடையதாக அமையவில்லை. ஐந்தாம் முறை "சார், நான் ராஜினாமா..." என்று தொடங்கியதைக்கூட, "ராஜினாமா பண்ணச் சொல்லி ரேஸ் கம்பெனிக்காரன் கூப்பிடுவான், போயிடாதீங்க மேடம்!" என்று மேலாளர் முடித்துவைத்தார்.

வியாழக்கிழமை காலை ஓசையம்மா வாகனக் கொட்டகைக்குச் சென்றபோது, வேனின் ஓட்டுநர் அங்கே கைகளைக் கட்டிக்கொண்டு நின்றிருந்தார். எறும்பு குறுக்கே வந்தாலும் வண்டியை நிறுத்துவார் என்பதனால் நிலையத்தார் அவரைப் பிரேக் அண்ணன் என்று அழைப்பது வழக்கம்.

"வாங்க சாம்பியன். சீட்டு இன்னும் சூடாத்தான் இருக்கு. பதினெட்டு வருஷச் சூடு."

"அண்ணே, கோவிச்சுக்காதீங்க. இதுல கிளட்ச்சுங்கிறது எது?"

பிரேக் அண்ணன் கண்களைச் சுருக்கினார். "என்னக்கா, என்னைய டெஸ்ட் பண்றீங்களா?"

"சத்தியமா தெரியாதுண்ணே. கிளட்ச் மிதிக்கிற சத்தம் தெரியும். பழைய தையல் மெஷின் பெடல். மிதிச்சா என்ன ஆகும்னுதான் தெரியாது."

பின்னர், குறுக்கிடாமல் கேட்கும் ஒருவர் கிடைத்த மகிழ்ச்சியில், மிக்ஸி தொடங்கி வெந்நீர்ப் பை ஈறாக அனைத்தையும் ஓசையம்மா ஒரே மூச்சில் சொல்லி முடித்தார். பிரேக் அண்ணன் முதலில் திகைத்தார். அடுத்து வேனின் பக்கக் கதவில் சாய்ந்தார். இறுதியில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு தரையில் குந்திவிட்டார்.

"மிக்ஸிக்கா என்னைய கேட்டுக்குக் காவல் போட்டாரு? விடுங்கக்கா, நான் சொல்றேன் அவர்கிட்ட."

சொல்வதற்குரிய வாய்ப்பும் உடனே கிடைத்தது. ஓவியக் கண்காட்சி ஒன்றின் திறப்பு விழாவுக்குப் புறப்பட்ட மேலாளர், பந்தய வீராங்கனையின் பக்கத்திலேயே அமர்ந்து செல்லும் பேராவலோடு வந்து, முன் இருக்கையில் ஏறி, பாதுகாப்பு வாரையும் மாட்டிக்கொண்டார்.

"சார், இவங்களுக்கு ஓட்ட..."

"ஓட்ட இந்த ரோடு பத்தாது, தெரியும்யா! நீ பின்னாடி ஏறு. மேடம், கிளப்புங்க. கொஞ்சம் மெதுவாவே போங்க. எனக்கு பிபி இருக்கு."

ஓசையம்மா மூன்று பேரையும் ஒரு முறை பார்த்தார். அதாவது மேலாளரையும், பின்னால் ஏறிய பிரேக் அண்ணனையும், கண்ணாடியில் தெரிந்த தம்மையும். அறையும் போகப்போகிறது, ஓட்டுநர் வேலையும் நிலைக்கப்போவதில்லை. இனி இழப்பதற்கு ஒன்றுமில்லை என்று துணிந்து சாவியைத் திருகினார். எஞ்சின் உறுமியது. அவ்வுறுமலில் சிறிது தகர ஓசை கலந்திருப்பதைக் கேட்டு, தம்முடைய மிக்ஸி இதனினும் மேலானது என்று அவருக்குத் தோன்றியது. கைக்கு அகப்பட்ட தண்டை அகப்பட்ட பக்கம் தள்ளினார். காலுக்கு அகப்பட்டதை மிதித்தார்.

வேன் பின்னோக்கிப் புறப்பட்டது. விரைவு என்று சொல்வதற்கில்லை. ஆயினும் உறுதியோடு சென்றது. நான்கு பூந்தொட்டிகளின்மேல் ஏறிக் கடந்தது. பிரேக் அண்ணன் தம் பட்டப்பெயரையே உரக்கக் கூவினார். அறிவிப்புப் பலகையின்மேல் மோதி, அதனைச் சாய்த்து, பந்தய வீராங்கனைக்கு ஒட்டிய வாழ்த்தின்மேல் பின்சக்கரத்தை ஏற்றிவைத்து, எஞ்சின் தானாகவே அணைந்தது. எவருக்கும் கீறல்கூட விழவில்லை.

"நீங்க..." என்று தொடங்கிய மேலாளர், பணிக்கு வந்த மூன்று மாதங்களில் முதன்முறையாகத் தம் வாக்கியத்தையே முடிக்க இயலாதவராக அமர்ந்திருந்தார்.

"எனக்குக் கார் ஓட்டத் தெரியாது சார்" என்றார் ஓசையம்மா. எழுவாய் பயனிலை பிறழாமல் அவர் மேலாளரிடம் கூறிய முதல் வாக்கியம் அதுவே.

ஆனால் அவ்வாக்கியம் மேலாளரை வேறொரு முடிவுக்கு இட்டுச் சென்றது. கார் ஓட்டத் தெரியாதவர் கார்ப் பந்தயத்தில் பரிசு வாங்கியதாகச் சொல்லி நிலையத்தையே ஏமாற்றியிருக்கிறார் என்று அவர் கொதித்தார். பிற்பகலிலேயே மெமோ வந்தது. கார் ஓட்ட அறியாத தாங்கள் பந்தயப் பரிசு பெற்றதாகக் கூறிக்கொண்டது எங்ஙனம் என்பதனை வெள்ளிக்கிழமை காலைக்குள் எழுத்து மூலம் விளக்குக. தவறினால், வேலை நீக்கத்துக்குப் பரிந்துரைக்கப்படும்.

ஓசையம்மா அதனைப் படித்துக் கலங்கவில்லை. எழுத்து மூலம் என்னும் இரண்டு சொற்களையே திரும்பத் திரும்பப் பார்த்தார். பேச்சில் எவரும் எவருடைய வாக்கியத்திலும் நுழைந்துவிடலாம். எழுத்திலோ, முற்றுப்புள்ளி வரும்வரையில் வாசிப்பவர் வாயிலில் காத்திருந்தே ஆக வேண்டும். மேசையின் முன் அமர்ந்து, அடித்தல் திருத்தலின்றி அவர் எழுதியது வருமாறு:

"ஐயா, நான் எந்தக் காலத்திலும் கார் ஓட்டியதில்லை, ஓட்டியதாகக் கூறியதும் இல்லை. நான் கூறத் தொடங்கியது வேறு. தாங்கள் கேட்டு முடித்தது வேறு. பரிசு பெற்றது ஒரு வானொலி நாடகம். அதன் ஓசைகளை நான் செய்தேன். அந்நாடகம் நம் நிலையத்தின் ஒலிக் காப்பறையில் உள்ளது. அதனைத் தாங்கள் ஒரு முறை முழுமையாகக் கேட்டருளிய பின், எனக்கு எந்தத் தண்டனை விதித்தாலும் ஏற்றுக்கொள்கிறேன்."

வெள்ளிக்கிழமை காலை பதினொரு மணிக்கு மேலாளர் ஒலிக்கூடத்தில் அமர்ந்து, காதில் ஹெட்போன் மாட்டிக்கொண்டார். கண்ணாடிச் சுவருக்கு வெளியே ஓசையம்மாவும் பிரேக் அண்ணனும் நின்றனர்.

முதல் ஐந்து நிமிடம் மேலாளரின் முகத்தில் மெமோவே எழுதியிருந்தது. ஆறாம் நிமிடம் அவருடைய வலக்கால் தானாக முன்னே நகர்ந்தது. பதினைந்தாம் நிமிடம் உடல் இடப்புறம் சாய்ந்தது. பிறகு வலப்புறம் சாய்ந்தது.

"மூணாவது வளைவு" என்று மெல்லச் சொன்னார் ஓசையம்மா.

"அக்கா, அங்க பாருங்க, நாற்காலியை இறுக்கிப் பிடிச்சுக்கிட்டாரு. நேத்து நிஜ வண்டியிலகூட இப்படிப் பிடிக்கல."

நாற்பத்தாறாம் நிமிடத்தில் மேலாளர் இரண்டு கால்களாலும் தரையை ஓங்கி மிதித்தார். நாடகம் முடிந்த பின்னும் அவர் எழவில்லை. எழுந்து வெளியே வந்தபோது அவர் நெற்றியில் வியர்வை அரும்பியிருந்தது.

"அந்தக் காரை ஓட்டினது யாரு மேடம்?"

"அது கார் இல்ல சார்..." என்று சொல்லி, ஓசையம்மா வழக்கம்போல் நிறுத்தினார். மேலாளர் குறுக்கிடவில்லை, காத்துக்கொண்டு நின்றார். பாதியில் நிறுத்தியே பழகிப்போன ஓசையம்மாவுக்கு, இனி அவ்வாக்கியத்தை எப்படி முடிப்பது என்பது சற்று நேரம் விளங்கவில்லை.

"...மிக்ஸி" என்று ஒருவாறு முடித்தார்.

"மிக்ஸியா" என்றார் மேலாளர். "டயரு? அந்த ஏழாவது வளைவுல தேய்ஞ்சுதே, அது நம்ம பழைய கம்பெனி டயரு மாதிரியே இருந்துச்சு. நான் பதினாறு வருஷம் அதை வித்தவன்."

"வெந்நீர்ப் பை சார்."

மேலாளர் அவரைப் பின்தொடர்ந்து ஓசை அறைக்குச் சென்றார். சுவரெங்கும் ஆணிகளில் பொருள்கள் தொங்கின. ஒவ்வொன்றிலும் ஓர் அட்டை கட்டி, அது எதுவாக ஒலிக்கும் என்று எழுதியிருந்தது. உடைந்த குடையின்மேல் "புறா, ஒன்று", பழைய பிரம்பு நாற்காலியின்மேல் "கப்பல்", ஏழாவது செருப்பின்மேல் "வர விருப்பமில்லாமல் வருபவர்." மேலாளர் அந்தச் செருப்பை எடுத்துக் கையில் மாட்டி மேசைமேல் இரண்டு முறை நடத்திப் பார்த்தார். அவருக்கு அது நன்றாகவே வந்தது.

அதன்பின் எழுந்தது அலுவலகச் சிக்கல். ஆணையின் நகல் திங்கட்கிழமையே தலைமை அலுவலகம் போய்ச் சேர்ந்திருந்தது. அதனை நீக்குவதாயின் காரணம் எழுத வேண்டும். வானொலி நிலையத்தின் மேலாளர் தம் நிலையத்து நாடகத்தைக் கேளாமல், மிக்ஸியைக் கார் என்று கருதி மாற்றல் ஆணை பிறப்பித்தார் என்பதனை எந்த நடையில் எழுதினாலும் அது நல்ல காரணமாகத் தோன்றாது.

"மேடம், இது ஒண்ணு மட்டும் என்னால முடியாது" என்றார் மேலாளர், குரலை மிகத் தாழ்த்தி. "நீங்க டிரைவராவே இருந்துடுங்களேன்."

"சார்!"

"இருங்க, நான் இன்னும் முடிக்கல. இந்த ஒரு தடவை என்னை முடிக்க விடுங்க."

மாலை ஐந்து மணிக்குள் புதிய ஆணை வெளிவந்தது. வாகனப் பிரிவின் பணித் தேவையை முன்னிட்டு, ஓசை அறையும் அதிலுள்ள பொருள்கள் அனைத்தும் அப்பிரிவோடு இணைக்கப்படுகின்றன. அவ்வறை இனி வாகனக் கொட்டகை எண் இரண்டு என வழங்கும். ஓட்டுநர் அம்மையார் அங்கிருந்தே பணியாற்றுவார். ஒலிப்பதிவு வேனை உதவி ஓட்டுநர் கவனித்துக்கொள்வார். வாகனக் கொட்டகையைக் காலி செய்யுமாறு எவருக்கும் ஆணை இல்லாமையால், சாவி ஓசையம்மாவிடமே தங்கிற்று.

பிரேக் அண்ணனுக்குத் தம் இருக்கை திரும்பக் கிடைத்தது; பெயருக்கு முன்னால் "உதவி" என்பது மட்டும் ஒட்டிக்கொண்டது. "பதினெட்டு வருஷம் ஓட்டினதுக்கு எனக்கு அசிஸ்டென்ட் பட்டம், பூந்தொட்டி மேல ஏத்தினவங்களுக்கு மெயின் பட்டம்" என்று அவர் பார்த்தவரிடமெல்லாம் முறையிட்டு மகிழ்ந்தார்.

அடுத்த மாதம் பொருள் வழங்கும் பிரிவிலிருந்து ஒரு கட்டு வந்தது. ஓட்டுநர் பதவிக்கு ஆண்டுதோறும் உரிய காக்கிச் சீருடை, இரண்டு உருப்படி. வேண்டா என்று மறுக்க விதியில் இடமில்லை. கையொப்பமிட்டு வாங்கிய ஓசையம்மா, கஞ்சி போட்டு விறைத்திருந்த அந்த முரட்டுச் சட்டையை மடக்கி வைக்க முயன்றபோது இரண்டு கைப்பகுதிகளும் ஒன்றோடொன்று உராய்ந்தன. அவர் கை அப்படியே நின்றது. மீண்டும் ஒரு முறை உராய்த்தார், இம்முறை மெதுவாக.

"அண்ணே, இங்க வாங்க. கண்ணை மூடிக்கிட்டுச் சொல்லுங்க, இது என்ன சத்தம்?"

பிரேக் அண்ணன் கண்ணை மூடினார். நெடுநேரம் தலையைச் சாய்த்துக் கேட்டார்.

"காஞ்ச புல்லுக்குள்ள யாரோ நடந்து வர்றாங்கக்கா. கொஞ்சம் குண்டான ஆளு."

ஓசையம்மா ஓர் அட்டையை எடுத்து, அதனையே எழுதி, சட்டையின் பொத்தானில் கட்டி, காலியாக இருந்த ஆணியில் மாட்டினார்.